பழைய ஃபிரிட்ஜை ஓட்டுவதா, மாற்றுவதா? தர்மபுரி, கிருஷ்ணகிரி வீடுகளுக்கான கார்பன் கணக்கு

ஃபிரிட்ஜ் கூலிங் விட்டுவிட்டால் தர்மபுரி, கிருஷ்ணகிரிப் பக்கத்து வீடுகளில் மூன்று யோசனைகள் எழும். மெக்கானிக்கைக் கூப்பிட்டுச் சரிசெய்து ஓட்டலாம். கடையில் எக்ஸ்சேஞ்சில் கொடுத்துவிட்டுப் புதிதாக எடுக்கலாம். ஓசூரில் வேலை மாற்றலாகிப் போகிற குடும்பங்கள் விற்கும் மூன்று நான்கு வருஷப் பெட்டியைக் குறைந்த விலைக்கு வாங்கலாம். எது மலிவு என்ற கணக்கை எல்லோரும் போட்டுவிடுவார்கள். எதில் கரியமில வாயு குறைவு என்ற கணக்கை இங்கே போடுகிறோம். பல வீடுகளில் இரண்டுக்கும் ஒரே விடைதான் வரும். சில வீடுகளில் பிரியும்.

எந்தச் சாதனமும் மூன்று இடத்தில் கரியமில வாயுவை உண்டாக்குகிறது: ஆலையில் செய்யும்போது, வீட்டில் ஓடும்போது, கடைசியில் உடைக்கும்போது. ஃபிரிட்ஜுக்கும் ஏசிக்கும் உள்ளே இருக்கும் கேஸ் என்று தனிக் கணக்கு ஒன்று உண்டு. ஓடும்போது ஆகிற செலவை யூனிட்டில் அளக்கலாம். இந்தியாவில் ஒரு யூனிட் மின்சாரம் தயாராகச் சராசரியாக 0.7 கிலோவுக்குச் சற்று மேல் கரியமில வாயு வெளியேறுகிறது என்பது மத்திய மின்சார ஆணையம் வெளியிடும் கணக்கு. கம்பியில் ஆகும் இழப்பையும் சேர்த்து, வீட்டு மீட்டரில் ஓடும் ஒரு யூனிட்டுக்கு 0.8 கிலோ என்று இந்தக் கட்டுரை முழுக்க வைத்துக்கொள்வோம்.

ஒரு கதவு ஃபிரிட்ஜைத் தயாரிக்க ஆகும் கரியமில வாயு ஏறத்தாழ 200 முதல் 300 கிலோ. நடுவில் 250 என்று எடுத்துக்கொள்ளலாம். இரும்புத் தகடு, கம்ப்ரஸரிலுள்ள செம்பு, பிளாஸ்டிக், சுவருக்குள் நிரப்பிய ஃபோம் எல்லாம் இதில் அடக்கம். புதுப்பெட்டி வாங்கினால் இந்த 250 கிலோ கடனோடுதான் வீட்டுக்கு வருகிறது. பழையதைவிடக் குறைவாகக் கரண்ட் எடுத்து அந்தக் கடனை எத்தனை மாதத்தில் அடைக்கும் என்பதே கேள்வி.

முதலில் அளக்க வேண்டும்

பழையது எத்தனை யூனிட் இழுக்கிறது என்று தெரியாமல் எந்த முடிவும் எடுக்கக் கூடாது. பிளக்குக்கும் சாக்கெட்டுக்கும் நடுவில் மாட்டும் சின்ன மின்மீட்டர் எலக்ட்ரிக்கல் கடைகளிலும் ஆன்லைனிலும் கிடைக்கிறது. அதில் முழுதாக 48 மணி நேரம் ஓடவிட்டுப் பார்க்க வேண்டும். கம்ப்ரஸர் ஓடி ஓடி நிற்பதால் ஒரு மணி நேர அளவை நம்ப முடியாது. மீட்டர் கிடைக்கவில்லையென்றால், வீட்டில் எல்லோரும் வெளியே போகிற ஒரு பகலில் மற்ற எல்லா சுவிட்சுகளையும் அணைத்துவிட்டு ஃபிரிட்ஜை மட்டும் விட்டு, இ.பி. மீட்டரைக் காலையும் மாலையும் குறித்துக்கொள்ளலாம். மீட்டர் முகப்பில் ஒரு சின்னச் சிவப்பு விளக்கு மினுக்கும். ஒரு யூனிட்டுக்கு எத்தனை மினுக்கு என்பது பக்கத்திலேயே அச்சாகியிருக்கும்; 3200 என்பது பரவலாகக் காணப்படும் எண். கம்ப்ரஸர் ஓடும்போது ஒரு நிமிடத்துக்கு எத்தனை தடவை மினுக்குகிறது என்று எண்ணினால் அப்போதைய வாட்டும் கிடைத்துவிடும்: மினுக்கை 60ஆல் பெருக்கி, 3200ஆல் வகுத்து, 1000ஆல் பெருக்க வேண்டும். நிமிடத்துக்கு 8 மினுக்கு என்றால் 150 வாட்.

ஸ்டெபிலைசரைத் தனியாக அளப்பது அவசியம். அது 24 மணி நேரமும் சூடாகவே இருக்கிறதென்றால் தன் பங்குக்கு 5 முதல் 10 வாட் தின்கிறது என்று பொருள். வருஷத்துக்கு 44 முதல் 88 யூனிட். இன்றைய நல்ல ஃபிரிட்ஜ் ஒன்றின் முழு வருஷச் செலவில் பாதிகூட இந்தப் பெட்டியிலேயே போய்விடலாம். பென்னாகரம், தேன்கனிக்கோட்டைப் பக்கம் லைனின் கடைசியில் இருக்கிற வீடுகளில் இரவில் வோல்டேஜ் விழுவதால் ஸ்டெபிலைசர் வேண்டியிருக்கிறது. டவுனில் பழக்கத்துக்காக மாட்டியிருப்பதைக் கழற்றிவிடலாம். இன்வெர்ட்டர் கம்ப்ரஸர் (தேவைக்கேற்ப வேகத்தை மாற்றிக்கொள்வது) உள்ள புதுப் பெட்டிகளில் பலவற்றுக்கு அகலமான வோல்டேஜ் எல்லை இருக்கும். கையேட்டில் அந்த எண்ணைப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

இரண்டு வீடு, இரண்டு விடை

இப்போது கணக்கு. 185 லிட்டர் அளவில் இன்று வரும் ஒரு கதவு ஃபிரிட்ஜுகளின் லேபிளில் வருஷத்துக்கு ஏறத்தாழ 120 முதல் 160 யூனிட் என்று போட்டிருக்கிறது. 140 என்று கொள்வோம். 2000களின் முற்பாதியில் வாங்கிய பெட்டி, கேஸ்கெட் (கதவு ரப்பர்) தளர்ந்து, ஒரு நாளைக்கு 1.1 யூனிட் இழுத்தால் வருஷத்துக்கு 400. வித்தியாசம் 260 யூனிட், அதாவது 208 கிலோ கரியமில வாயு. 250 கிலோ கடன் 14, 15 மாதத்தில் அடைந்துவிடும். இந்த வீட்டில் மாற்றுவதே சரி. ரிப்பேருக்குச் செலவழிப்பது வீண்.

அடுத்த வீட்டில் 2016இல் வாங்கிய பெட்டி 220 யூனிட் இழுக்கிறது என்று வைப்போம். வித்தியாசம் 80 யூனிட், 64 கிலோ. கடன் அடைய நாலு வருஷம். இங்கே ரிப்பேர்தான். சரிசெய்தது ஐந்தாறு வருஷம் ஓடினால் போதும். அதற்குள் வரும் பெட்டிகள் இன்னும் குறைவாகவே இழுக்கும்.

நட்சத்திரத்தை வைத்து மட்டும் ஒப்பிடுவதில் ஒரு சிக்கல் இருக்கிறது. எரிசக்தித் திறன் பணியகம் அளவுகோலை அவ்வப்போது இறுக்குகிறது. 2012இன் ஐந்து நட்சத்திரம் இன்றைய ஐந்து நட்சத்திரம் ஆகாது. லேபிளில் வருஷமும் போட்டிருக்கும், வருஷத்துக்கு எத்தனை யூனிட் என்ற எண்ணும் போட்டிருக்கும். அந்த எண்ணைத்தான் ஒப்பிட வேண்டும்.

புதுசு எடுக்கும்போது பெரும்பாலானவர்கள் சறுக்குவது அளவில். 165 லிட்டரைக் கொடுத்துவிட்டு 260 லிட்டர் இரட்டைக் கதவு ஃப்ராஸ்ட்-ஃப்ரீ (ஐஸ் கட்டாத) பெட்டி எடுத்தால் அது 200 முதல் 250 யூனிட் வரை இழுக்கும். பழையது 300 இழுத்திருந்தால் மிச்சம் 50 முதல் 100 யூனிட்தான். பெரிய பெட்டியைத் தயாரிக்கும் கடனும் பெரிது. நாலு பேர் வீட்டில் மாவு, பால், இரண்டு நாள் காய்கறி வைக்க 190 லிட்டர் தாராளம்.

பணக் கணக்கும் கரியமிலக் கணக்கும் பிரிவது இங்கேதான். தமிழ்நாட்டில் வீடுகளுக்கு இரண்டு மாதத்துக்கு 100 யூனிட் இலவசம். ஒரு ஃபிரிட்ஜும் இரண்டு ஃபேனும் உள்ள சின்ன வீட்டில் மொத்தமும் 100க்குள்ளேயே முடிந்தால், புது ஃபிரிட்ஜால் பில்லில் ஒரு ரூபாய்கூடக் குறையாது. நிலக்கரி எரிவது மட்டும் நிச்சயமாகக் குறையும். 500 யூனிட்டைத் தாண்டுகிற வீட்டிலோ கட்டண விகிதமே ஏறிவிடுவதால், தாண்டாமல் கீழே இறங்கினால் பில் சட்டென்று விழும். அந்த வீடுகள் முதலில் மாற்ற வேண்டியவை.

ரிப்பேர் என்றால் எந்த ரிப்பேர்

"கம்ப்ரஸர் போய்விட்டது" என்று சொல்லப்படுகிற பெட்டிகளில் எல்லாவற்றிலும் கம்ப்ரஸர் போயிருக்காது. சில நிமிடங்களுக்கு ஒரு தடவை பின்பக்கம் "டக்" என்று சத்தம் வந்து, கொஞ்சம் முனகி, நின்றுபோனால், கம்ப்ரஸர் கிளம்ப முடியாமல் ஓவர்லோடு (சூடு மீறினால் கரண்டைத் துண்டிக்கும் பாகம்) வெட்டுகிறது. இரவில் மட்டும் இப்படி என்றால் வோல்டேஜைப் பாருங்கள். பகலிலும் என்றால் முதலில் ரிலேயையும் (கம்ப்ரஸரைக் கிளப்பிவிடும் பாகம்) ஓவர்லோடையும் மாற்றிப் பார்க்க வேண்டும். இரண்டும் சில நூறு ரூபாய்ப் பொருட்கள்.

நிற்காமல் ஓடுகிறது, ஆனால் கூலிங் இல்லை என்றால் பத்து ரூபாய் நோட்டுச் சோதனை. நோட்டைக் கதவிடுக்கில் வைத்துச் சாத்தி இழுத்தால் இறுக்கமாக வர வேண்டும். கதவின் நாலு பக்கமும், முக்கியமாகக் கீல் பக்க மூலைகளிலும் பார்க்க வேண்டும். வழுக்கிக்கொண்டு வந்தால் கேஸ்கெட் மாற்ற வேண்டும். மாற்றுவதற்கு முன் சுடுநீரில் துணி நனைத்து ஒற்றி, பள்ளத்திலுள்ள அழுக்கை எடுத்துவிட்டால் சில கேஸ்கெட்டுகள் திரும்பப் படிந்துகொள்ளும். பின்பக்கக் கம்பி வலையில் தூசி அப்பியிருந்தால் அதையும் தட்டி எடுத்து, சுவரிலிருந்து அரை முழமாவது தள்ளி வைக்க வேண்டும். ஆஸ்பெஸ்டாஸ் கூரை வீட்டில் மேற்குச் சுவரோரம் நிற்கும் பெட்டி கோடையில் கூடுதலாக இழுக்கத்தான் செய்யும்.

இவை எதுவும் இல்லை, கேஸ்தான் இறங்கிவிட்டது என்றால் அங்கே கவனம் தேவை. பெட்டியின் பின்னால், கம்ப்ரஸருக்கு அருகிலுள்ள ஸ்டிக்கரில் கேஸின் பெயரும் எடையும் இருக்கும். ஆர்-134ஏ என்றால் ஏறத்தாழ 100 கிராம். ஒரு கிலோ ஆர்-134ஏ 1,430 கிலோ கரியமில வாயுவுக்குச் சமம் என்பதால் அந்த 100 கிராம் 143 கிலோ. வீட்டு மீட்டரில் 180 யூனிட் ஓடியதற்குச் சமம். ஒரு தடவை கேஸ் ஏற்றி, ஓட்டையை அடைக்காமல் விட்டு, ஆறு மாதத்தில் மறுபடி ஏற்றினால், அந்தப் பெட்டி எடுத்த கரண்டைவிட ஒழுகிய கேஸ்தான் பெரிய கெடுதல். ஆர்-600ஏ என்றால் கதையே வேறு: 50 கிராம் போல இருக்கும், முழுதும் ஒழுகினாலும் கால் கிலோ கரியமில வாயுகூட ஆகாது. புதுசோ பழசோ, வாங்கும் பெட்டியில் ஆர்-600ஏ என்று பார்த்து வாங்கச் சொல்வது இதனால்தான்.

ஓட்டைக்குப் பொதுவான காரணம் கத்தி. ஃப்ரீசரில் கட்டிய ஐஸைக் கத்தியாலோ தோசைத் திருப்பியாலோ குத்தி எடுக்கும்போது அலுமினியத் தகட்டுக்குள் ஓடும் குழாய் பொத்துக்கொள்ளும். சரியான ரிப்பேர் இந்த வரிசையில் நடக்கும்: நைட்ரஜன் ஏற்றி சோப்பு நுரை தடவி ஓட்டையைக் கண்டுபிடிப்பது, அடைப்பது, ஈரத்தைப் பிடிக்கும் ஃபில்டர் டிரையரைப் புதிதாகப் போடுவது, வாக்குவம் பம்பில் அரை மணி நேரம் காற்றை உறிஞ்சுவது, தராசில் வைத்து ஸ்டிக்கரிலுள்ள எடைக்கு கேஸ் ஏற்றுவது. வாக்குவம் விட்டுப்போனால் ஈரம் உள்ளே தங்கி, மயிரிழைக் குழாயில் பனியாக உறைந்து அடைத்துக்கொள்ளும். பெட்டி சில மணி நேரம் குளிர்ந்து, பிறகு விட்டுவிடும். எடை பார்க்காமல் கூடுதலாக ஏற்றினால் திரும்பும் குழாய் கம்ப்ரஸர் வரைக்கும் பனி பூக்கும், யூனிட்டும் ஏறும். கூப்பிடும்போதே "நைட்ரஜனும் தராசும் இருக்கிறதா அண்ணா?" என்று கேட்டுவிடுவது நல்லது. ஆர்-600ஏ எரியக்கூடிய கேஸ். அதில் கேஸ் இருக்கும்போதே கேஸ்வெல்டிங் நெருப்பைக் காட்டக் கூடாது. 134ஏ பெட்டியில் 600ஏவை மாற்றி ஏற்றித் தருகிறேன் என்று யாராவது சொன்னால் வேண்டாம் என்று சொல்லுங்கள். 600ஏவுக்கு ஏறத்தாழ இரண்டு மடங்கு கொள்ளளவுள்ள கம்ப்ரஸர் வேண்டும். பழைய பெட்டியின் தெர்மோஸ்டாட்டும் விளக்குச் சுவிட்சும் தீப்பொறி விடக்கூடியவை.

ஓட்டை சுவரின் ஃபோமுக்குள் புதைந்த குழாயில் என்றால், பத்து வருஷத்துக்கு மேலான பெட்டியில் ரிப்பேரை நிறுத்திவிடலாம். வெளியே புதுக் கண்டன்சர் (சூட்டை வெளியேற்றும் குழாய்ச் சுருள்) மாட்டி ஓட்டுகிறவர்கள் உண்டு. ஈரம் ஏறிய ஃபோம் குளிரைத் தாங்காது, யூனிட் குறையாது.

மூன்றாவது வழி

ஓசூரில் கிடைக்கும் மூன்று நான்கு வருஷப் பெட்டியைக் கரியமிலக் கணக்கில் நாம் முதலிடத்தில் வைக்கிறோம். தயாரிப்புக் கடனில் ஒரு பகுதியை முதல் வீடு அடைத்துவிட்டது, கேஸ் பெரும்பாலும் 600ஏ, யூனிட்டும் இன்றைய அளவை ஒட்டியே இருக்கும். போய்ப் பார்க்கும்போது ஃபிரிட்ஜ் ஓடிக்கொண்டிருக்க வேண்டும். அணைத்து வைத்திருப்பதை வாங்க வேண்டாம். லேபிளின் வருஷம், கேஸ் ஸ்டிக்கர், நோட்டுச் சோதனை, ஃப்ரீசரில் கத்திக் கீறல், பக்கச் சுவரில் துரு: ஐந்தையும் பார்த்துவிட்டு விலை பேசுங்கள். வண்டியில் நிமிர்த்தியே கொண்டுவர வேண்டும். படுக்க வைத்திருந்தால், வீட்டுக்கு வந்தபின் சில மணி நேரம் நிற்கவிட்டு, கம்ப்ரஸர் ஆயில் கீழே இறங்கியபின் சுவிட்ச் போட வேண்டும்.

பழையது எங்கே போகிறது என்பதையும் கேட்டாக வேண்டும். எக்ஸ்சேஞ்சில் கொடுத்த 400 யூனிட் பெட்டிக்கு மறுவாரமே பெயிண்ட் அடித்து இன்னொரு வீட்டுக்கோ டீக்கடைக்கோ விற்றுவிட்டால், நீங்கள் மிச்சப்படுத்திய கரண்ட் அங்கே எரிகிறது. அதை மாடியில் வைத்து விசேஷத்துக்கு ஓட்டுவதும் அதே கதை. பழைய இரும்புக்கடையில் போட்டால் கம்ப்ரஸருக்காகக் குழாயை வெட்டுவார்கள். "உஸ்" என்று சில நொடி கேட்கும் அந்தச் சத்தம்தான் 143 கிலோ. 2023 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த மின்னணுக் கழிவு விதிகளின்படி, ஆயுள் முடிந்த சாதனங்களை மறுசுழற்சி செய்யும் பொறுப்பு தயாரித்த நிறுவனத்துடையது. நிறுவனத்தின் வாடிக்கையாளர் எண்ணில் கூப்பிட்டு மின்னணுக் கழிவாக எடுத்துக்கொள்ளச் சொல்லி, ரசீது கேளுங்கள். இரும்புக்கடை தரும் பணத்தைவிடக் குறைவாகத்தான் கிடைக்கும். அந்த வித்தியாசத்தைத் தாங்க முடிகிறவர்கள் தாங்க வேண்டும்.

ஃபேன்: யோசிக்காமல் மாற்றலாம்

பழைய சீலிங் ஃபேன் 75 வாட், பிஎல்டிசி (பிரஷ் இல்லாத டிசி மோட்டார்) ஃபேன் 30 வாட் சுற்றுவட்டாரம். ஒரு நாளைக்கு 15 மணி நேரம், வருஷத்தில் 300 நாள் என்றால் 202 யூனிட் மிச்சம், 160 கிலோ. நாலைந்து கிலோ எடையுள்ள ஃபேனைத் தயாரிக்க, அலுமினியம் கூடுதலாக இருந்தாலும், சில பத்துக் கிலோதான் ஆகும். சில மாதத்தில் கடன் தீர்ந்தது. கிடங்கு அறையிலும் விருந்தினர் அறையிலும் தொங்கும் ஃபேனை அப்படியே விட்டுவிடுங்கள். அங்கே வேகம் குறைந்தால் 2.5 மைக்ரோஃபாரட் கப்பாசிட்டரை மாற்றினால் போதும்.

பிஎல்டிசியின் பலவீனம் உள்ளே இருக்கும் சர்க்யூட் போர்டு. இடி மின்னலிலும் வோல்டேஜ் ஏற்றத்திலும் அது போய்விடும். போர்டு மட்டும் தனியாகக் கிடைக்கிற, நீண்ட வாரண்டி தரும் ஃபேனாக எடுக்க வேண்டும். பழைய ரெகுலேட்டரை லைனிலிருந்து எடுத்துவிட்டு நேராக இணைக்க வேண்டும். காயில் கட்டிய பழைய ஃபேன் மெலிந்த கம்பியால் கட்டப்பட்டிருந்தால் முன்னைவிடக் கூடுதலாகச் சூடாகும். கூடத்தில் நாள் முழுக்க ஓடும் ஃபேனுக்குக் காயில் கட்டச் செலவழிக்க வேண்டாம்.

மிக்ஸி, கிரைண்டர்: மாற்றவே வேண்டாம்

500 வாட் மிக்ஸி தினம் 15 நிமிடம் ஓடினால் வருஷத்துக்கு 45 யூனிட்தான். புது மிக்ஸி இதைப் பெரிதாகக் குறைக்கப் போவதில்லை. எனவே செய்யும்போது ஆன செலவுதான் இங்கே பெரிது, எத்தனை வருஷம் ஓட்டுகிறோமோ அத்தனை லாபம். 2011க்குப் பிறகு அரசு தந்த மிக்ஸியும் கிரைண்டரும் இன்னும் பல வீடுகளில் உழைக்கின்றன. மிக்ஸியில் கார்பன் பிரஷ், கப்ளர், ஜாரின் புஷ், கிரைண்டரில் பெல்ட். இவைதான் போகும். ஜாரின் அடியில் தண்ணீர் கசிந்தால் உடனே புஷ் மாற்ற வேண்டும். விட்டால் தண்ணீர் மோட்டாருக்குள் இறங்கி ஆர்மேச்சரைக் கொன்றுவிடும்.

வாஷிங் மெஷினும் இந்தப் பக்கம்தான் சாய்கிறது. குளிர்ந்த தண்ணீரில் துவைத்தால் அது எடுக்கும் கரண்ட் சொற்பம். சூடு போடும் பட்டனை அணைத்துவிட்டு, இருப்பதை ரிப்பேர் செய்து ஓட்டுங்கள்.

வெந்நீர்

ஓசூர், தளி, தேன்கனிக்கோட்டை மேட்டில் மார்கழி, தைக் காலைகளில் வெந்நீர் இல்லாமல் முடியாது. 60 லிட்டர் தண்ணீரை 20 டிகிரியிலிருந்து 40க்கு ஏற்ற 1.4 யூனிட் ஆகும், 1.1 கிலோ கரியமில வாயு. டேங்க் கீசரை முன்னிரவிலேயே போட்டுவிட்டால் இன்னும் கூடும். இதே தண்ணீரை கேஸ் கீசரில் ஏற்றினால் 140 கிராம் எல்பிஜி, 0.4 கிலோ. நிலக்கரி மின்சாரத்தை நம்பியிருக்கும்வரை கேஸ் கீசர்தான் குறைவு. ஆனால் அதைக் குளியலறைக்குள் மாட்டவே கூடாது. கார்பன் மோனாக்சைடு வாசனையில்லாமல் ஆளைக் கொல்லும். வெளிச்சுவரில் மாட்டிக் குழாய் மட்டும் உள்ளே வர வேண்டும். மாந்தோப்பில் கழித்த கிளையை எரிக்கும் செப்பு பாய்லருக்கும் கார்பன் குறைவு, வீட்டுப் பெண்கள் புகையைக் குடிக்காமல் வெளியே வைக்க இடமிருந்தால் மட்டும்.

சோலார் வாட்டர் ஹீட்டர் எல்லாவற்றிலும் குறைவுதான். அதன் எதிரி நம் ஊர் போர்வெல் தண்ணீர். உப்புப் படிந்து குழாயும் டேங்கும் சில வருஷத்தில் அடைத்துக்கொள்ளும். ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர் வருகிற வீட்டில் அந்தத் தண்ணீர் மிஞ்சினால் அதை விடலாம். இல்லையென்றால் ஹீட் எக்ஸ்சேஞ்சர் (போர்வெல் தண்ணீர் சோலார் குழாய்க்குள் போகாமல் சூட்டை மட்டும் வாங்கும் அமைப்பு) உள்ள மாடலாக எடுக்க வேண்டும். டேங்க் கீசரிலும் உப்பு காயிலின் மேல் படியும். அதனால் கரண்ட் கூடுதலாகப் போவதில்லை, சூடு எப்படியும் தண்ணீருக்குத்தான் போகிறது. காயில் சூடு தாங்காமல் வெடித்துவிடும். இரண்டு வருஷத்துக்கு ஒரு தடவை டேங்கைத் துருவிலிருந்து காக்கும் மெக்னீசியக் கம்பியை மாற்றி உப்பைச் சுரண்டினால் டேங்கின் ஆயுள் நீளும்.

ஏசி: வீடு மாறும்போது

ஏசி வாங்கும்போது யோசிப்பதைவிட வீடு மாற்றும்போது யோசிப்பது அவசரம். 1.5 டன் ஏசியில் பழைய ஆர்-22 ஒரு கிலோ போல இருந்தால் அது 1.8 டன் கரியமில வாயு. ஆர்-32 என்றாலும் 800 கிராமுக்கு 540 கிலோ. குழாயை அப்படியே கழற்றினால் மொத்தமும் காற்றில். கழற்ற வருகிறவரிடம் பம்ப்-டவுன் செய்யச் சொல்லி நின்று பாருங்கள்: ஏசியைக் கூலிங்கில் ஓடவிட்டு, வெளிப்பெட்டியின் மெல்லிய குழாய் வால்வை முதலில் மூட வேண்டும். கேஜில் அழுத்தம் பூஜ்யத்தை நெருங்கும்போது தடித்த குழாய் வால்வை மூடி, உடனே சுவிட்சை அணைக்க வேண்டும். கேஸ் முழுதும் வெளிப்பெட்டிக்குள் அடைபட்டிருக்கும். வரிசை மாறினால் கேஸ் உள்ளே வராது. அணைக்கத் தாமதித்தால் கம்ப்ரஸர் வெறுமையில் ஓடிச் சூடேறும். வேலை நாலைந்து நிமிடம்தான். புது வீட்டில் மாட்டும்போது உள்பெட்டியையும் குழாயையும் வாக்குவம் செய்த பிறகே வால்வுகளைத் திறக்க வேண்டும். "கொஞ்சம் கேஸ் விட்டுக் காற்றைத் தள்ளிவிடுகிறேன்" என்றால் சம்மதிக்காதீர்கள்.